வளைவில் விட்டுப்போன சில்லு

மரியாதைக்குரிய ஐயா அவர்களுக்கு,

கொக்கி லாரியில் விபத்து வண்டி இழுக்கிறவன் வணக்கத்தோடு எழுதுவது. இங்கே நான், வீட்டுக்காரி, மகள் மூவரும் சௌக்கியம். உங்கள் மகன் வீட்டு மாடிப்படி உங்கள் முழங்காலை என்ன பாடு படுத்துகிறதோ என்று வீட்டுக்காரி கேட்கச் சொன்னாள்.

என் மகளின் கல்யாணப் பத்திரிகை கிடைத்தது, ஆனால் வர முடியாது என்று எழுதியிருந்தீர்கள். ரோட்டில் அபராதச் சீட்டு எழுதியே காலம் தள்ளிய இன்ஸ்பெக்டர் கல்யாண வீட்டில் வந்து நின்றால் பாதிப் பேர் முகத்தைத் திருப்பிக்கொள்வார்களாம். முப்பது வருஷத்தில் நீங்கள் சம்பாதித்தது திட்டு மட்டும்தானாம். படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. போனில் பேசினால் கத்திவிடுவேன், நீங்களும் வைத்துவிடுவீர்கள். அதனால்தான் கடிதம்.

பொய் சொல்ல மாட்டேன், நானும் உங்களை வாய் வலிக்கத் திட்டியவன்தான். எங்கள் ஷெட்டில் உங்களுக்கு 'விளக்குமாறு' என்று பெயர். இப்போதாவது தெரிந்துகொள்ளுங்கள். நொறுங்கிய வண்டியைக் கொக்கி போட்டுத் தூக்கியதும், கீழே கிடக்கும் கண்ணாடியை பூட்ஸ் காலால் ஓரத்துக்கு ஒதுக்கிவிட்டுக் கிளம்புவது எங்கள் வழக்கம். முதல்முறை நீங்கள் பிடித்தபோது, ஓரமாத்தானே சார் தள்ளியிருக்கேன் என்று எகிறினேன். ஓரத்துலதான்யா சைக்கிளும் ஸ்கூட்டரும் போகுது, வண்டியைத் தூக்கறவன்தான் அது சிந்தினதையும் அள்ளணும், சட்டமே அப்படித்தான் இருக்கு என்றீர்கள். இன்னொரு தடவை மாட்டினால் லைசென்ஸ் போய்விடும் என்று சீட்டையும் கையில் திணித்தீர்கள். பிறகு நான் குனிந்து பொறுக்கிய அரைமணி நேரமும் வெயிலில் நின்று, எனக்காக வண்டிகளை மறித்து அனுப்பினீர்கள். அதை நான் யாரிடமும் சொன்னதில்லை. திட்டியதை மட்டும் ஊரெல்லாம் சொன்னேன்.

போன செவ்வாய்க்கிழமை காலை, தண்ணீர்த் தொட்டி வளைவில் ஒரு வேன் நடுச்சுவரில் மோதி நின்றது. முன்கண்ணாடி முழுக்கத் தூள். ஓட்டியவருக்கு ஒன்றும் இல்லை. தூறல் வேறு. பாலத்தில் இன்னொரு வண்டி காத்திருக்கிறது என்று முதலாளி மூன்று தடவை போன் செய்துவிட்டார். பார்க்க ஒரு ஆள் இல்லை. பழைய புத்தி போகுமா? பாதியைக் காலாலேயே ஒதுக்கிவிட்டு ஏறி உட்கார்ந்தேன். அன்றைக்குச் சீட்டு வாங்கியதிலிருந்து இருக்கைக்குப் பின்னால் ஒரு துடைப்பம் செருகி வைத்திருக்கிறேன். அதைப் பார்த்ததும் உங்கள் முகம்தான் ஞாபகம் வந்தது. உங்களையும் திட்டி, என்னையும் திட்டிக்கொண்டே இறங்கினேன். ஓரம் வரைக்கும் கூட்டி, இரண்டு சாக்கில் அள்ளிப் போட்டுக்கொண்டு கிளம்பினேன்.

அடுத்த முக்கால் மணி நேரத்தில் மகளிடமிருந்து போன். ரத்தப் பரிசோதனைக் கூடத்துக்கு வேலைக்குப் போகிறவள், ஸ்கூட்டர் வழுக்கி விழுந்துவிட்டேன்ப்பா என்றாள். எங்கே என்றேன். தொட்டி வளைவில் என்றாள். முகம்? முகம்? என்று மட்டும் கேட்டுக்கொண்டிருந்தேனாம்.

ஓடிப்போய்ப் பார்த்தேன். ஓரமாக வழுக்கி, கன்னம் தரையில் உரசுகிற மாதிரி நாலடி தூரம் இழுத்துக்கொண்டு போயிருக்கிறது. நான் முதலில் காலால் ஒதுக்கிய இடமேதான். முழங்கையில் தோல் உரிந்திருந்தது, கன்னத்தில் மண் ஒட்டியிருந்தது. அவ்வளவுதான். மண்ணைத் துடைத்துவிட்டுச் சிரிக்கிறாள், நல்ல வேளை ரோடு சுத்தமா இருந்துச்சுப்பா என்று. நடுரோட்டில் நின்று அழுதேன். அடிபட்டவள் எனக்குத் தண்ணீர் வாங்கிக் கொடுத்தாள்.

அவளை வீட்டில் விட்டுவிட்டுத் திரும்பவும் அங்கே போனேன். மண்டியிட்டு அந்த ஓரம் முழுக்கக் கையால் தடவிப் பார்த்தேன். அவள் கன்னம் உரசிய இடத்திலிருந்து ஒரு சாண் தள்ளி, அரிசி அளவில் ஒரு சில்லு கிடந்தது. ஒன்றே ஒன்று. விட்டிருக்கிறேன்.

அன்று ராத்திரி வீட்டுக்காரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன், நான் காலால் தள்ளியதையும் சேர்த்து. அவள் என்னைத் திட்டி முடித்துவிட்டு, அந்த மனுஷன் வராம இந்தக் கல்யாணம் எப்படிங்க என்றாள். நீங்கள் வருவதாக மாப்பிள்ளை வீட்டுக்கும் சொல்லிவிட்டாள். ஷெட்டில் உங்களுக்குப் பெயர் வைத்தவர்கள் எல்லோரும் வருகிறார்கள். யாராவது முகத்தைத் திருப்பினால் திருப்பிய பக்கத்திலேயே நான் நிற்பேன்.

அந்தச் சில்லைத் தீப்பெட்டியில் போட்டு வைத்திருக்கிறேன். சட்டப்படி அது குற்றம்தானே, ஐயா? நீங்கள் வந்துதான் எனக்குச் சீட்டு எழுத வேண்டும். எழுதி முடித்துவிட்டு, அதே கையை என் மகள் தலையில் வைத்து ஆசீர்வாதம் பண்ணுங்கள். முழங்காலுக்குச் சிரமம் வேண்டாம், ரயில்வே ஸ்டேஷனுக்கு நானே வண்டி கொண்டு வருகிறேன்.

உங்களுக்காக வாசலைக் கூட்டி வைத்துக் காத்திருக்கும்,
வண்டி இழுக்கிறவன்