ஒரு மில்லிமீட்டர் மெலிவு

12-3-1953

அன்புள்ள நெட்டச்சி,

வீட்டுக்காரரும் பிள்ளைகளும் சுகம்தானே? நான் அதே நாலாம் நம்பர் லேத்தோடுதான் குடித்தனம் நடத்துகிறேன். யுத்தத்தின்போது அதில் நாம் ஷிப்டு மாற்றி மாற்றிக் குண்டுக்கு உறை கடைந்தோம். இப்போது தண்ணீர் பம்புக்குத் தண்டு. இரும்புச் சீவல் சீப்பில் சிக்கி நீ திட்டிய திட்டு இன்னும் காதில் இருக்கிறது.

ஆண்களுக்கு உள்ள கூலியே இனி பெண்களுக்கும். ஆறு வாரம் வேலைநிறுத்தம் இருந்து வாங்கினோம். அன்று பாதிக் கூலியை வாங்கிக்கொண்டு பாட்டும் பாடினோமே, பைத்தியங்கள்!

ஃபோர்மேன் ஓய்வு பெறுகிறார். யுத்தம் முடிந்ததும் "ஒருத்தியைத்தான் வச்சுக்க முடியும்" என்று நமக்குச் சோதனை வைத்தாரே, அதில் நீ கடைந்த தண்டு அவர் மேசையில் கிடந்தது. காகிதம் பறக்காமல் இருக்க வைத்திருந்தாராம். அளந்து பார்த்தேன். ஒரு முனை அச்சு அசல். மறுமுனை மட்டும் ஒரு மில்லிமீட்டர் மெலிவு. முடியளவு பிசகினாலே சோறு இறங்காதவள் நீ. என் வீட்டுக்காரர் சண்டையிலிருந்து திரும்பவில்லை என்றுதானே கெடுத்தாய்? உன்னை ஜெயித்ததாக எட்டு வருஷம் பீற்றிக்கொண்டேனடி. வெட்கமாக இருக்கிறது.

இங்கே ஒரு இடம் காலி. வா.

உன் குள்ளச்சி

20-3-1953

அடி குள்ளச்சி,

கண்டுபிடித்துவிட்டாயா? என்னைத் தியாகி ஆக்கிவிடாதே. லேத்தின் கைப்பிடியை வேண்டுமென்றே கூடுதலாகத் திருப்பும்போது உன்மேல் அவ்வளவு கோபம் எனக்கு. வீட்டுக்கு வந்து இரண்டு நாள் அழுதேன். "தோத்ததுக்கா இந்த அழுகை?" என்றார் இவர். நேற்றுதான் உண்மையைச் சொன்னேன். "அப்பவே சொல்லியிருக்கலாமேடி" என்றார்.

இன்றும் முதல் ஷிப்டு நேரத்துக்கு முழிப்பு வந்துவிடுகிறது. எழுந்து என்ன செய்ய? அடுப்பைத் துடைத்ததையே துடைக்கிறேன். வர எனக்குக் கொள்ளை ஆசை. ஆனால் உன் சிபாரிசில் நுழைய மாட்டேன். சோதனை வைக்கச் சொல்.

நெட்டச்சி

27-3-1953

அன்புள்ள நெட்டச்சி,

திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குச் சோதனை. புது ஃபோர்மேனே அளப்பார், நான் பக்கத்தில்கூட வரமாட்டேன்.

ஒன்று முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். போட்டிக்கு இன்னொருத்தி வருகிறாள். புருஷன் இல்லாதவள், கைக்குழந்தை வேறு. லேத் கிடைக்காவிட்டால் அவளுக்குப் பொட்டலம் கட்டும் பிரிவில் இடம் தரச் சங்கத்தில் பேசி வாங்கிவிட்டேன். அதனால் நீ அவள் முகத்தைப் பார்க்காதே. குழந்தையைப் பார்க்கவே பார்க்காதே. உன் தண்டை மட்டும் பார்.

குள்ளச்சி