கை காட்டிய திசை

புளியமரத்துத் தோட்டம்,
லூபோக் சீனா.
10.3.1952

தம்பி தனபாலனுக்கு அக்கா பெத்தம்மாள் எழுதுவது.

நீ நலமாகத்தான் இருப்பாய். அதை விசாரிக்க இந்தக் கடிதத்தை எழுதவில்லை.

போன வாரம் உன் படம் காட்டும் லாரி இங்கே வந்தது. பந்தடிக்கும் திடலில் வெள்ளைத் துணி கட்டினீர்கள். மைக்கைப் பிடித்துக்கொண்டு நீ நின்றாய். என் தம்பி, என் தம்பி என்று பக்கத்தில் இருந்தவளிடமெல்லாம் சொல்லிக்கொண்டு, முன்னால் பாய் போட்டு உட்கார்ந்தேன். அந்தப் பெருமைக்கு நல்ல கூலி கொடுத்துவிட்டுப் போனாய்.

துணியில் என் வீட்டுக்காரர் வந்தார். மரத்தின் உயரத்துக்கு நின்று கையை நீட்டினார். உடனே பட்டாளத்துக்காரர்கள் துப்பாக்கியோடு காட்டுக்குள் நுழைந்தார்கள். நீ மைக்கில் என்ன சொன்னாய்? "கம்யூனிஸ்டுக் கொள்ளைக்காரன் எங்கே ஒளிஞ்சிருக்கான்னு கை நீட்டிக் காட்டுறாரு பாருங்க, ஒரு வீரத் தமிழரு! இவரு யாரு? இதே தோட்டத்துப் பெரியதம்பி! என் சொந்த மாமா!" விசில் பறந்தது. மடச்சி, நானும் கை தட்டினேன்.

அவர் எதைக் காட்டினார் என்று உனக்குத் தெரியாதா? தீபாவளிக்கு வந்தபோது நான் சொல்ல, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தவன்தானே நீ? படம் எடுக்க வந்த வெள்ளைக்காரனுக்கு வயிறு கலக்கிவிட்டது. கக்கூஸ் எங்கே என்று கேட்டான். இவர் கையை நீட்டினார். அவன் ஓடினான். கூட வந்தவன் மிஷினை நிறுத்தாமல் சுற்றிக்கொண்டிருந்தான். நடந்தது இவ்வளவுதான். அந்தப் பக்கம் காடு ஏது? கக்கூஸும் உரக் கொட்டகையும்தான் இருக்கின்றன.

இது காட்டில் இருக்கிறவர்களின் காதுக்கு இந்நேரம் போயிருக்கும். காட்டிக்கொடுத்தவன் என்று ஒருவனுக்குப் பெயர் விழுந்தால் அவனை என்ன செய்வார்கள் என்று நான் உனக்கு எழுத வேண்டியதில்லை. பக்கத்துத் தோட்டத்துக் கங்காணிக்கு நடந்ததை நீயும் அறிவாய். இவர் விடியுமுன் தன்னந்தனியாகப் பால் வெட்டப் போகிற மனிதர்.

லாரியை மறுபடி கொண்டுவா. அதே திடலில், அதே மைக்கில், உண்மையைச் சொல். வேறு எதுவும் உன்னிடம் கேட்கவில்லை.

அக்கா,
பெத்தம்மாள்


மலாக்கா.
17.3.1952

அன்னைக்கு அடுத்த தெய்வமாம் என் அக்காவின் பாதம் தொட்டுத் தம்பி தனபாலன் வரையும் மடல்.

கடிதம் கண்டேன், கலங்கினேன். பிறகு சிரித்தேன். அக்கா, மாமாவைத் துணியில் ஏற்றிவிட்டேன் என்று ஊரே என்னைக் கொண்டாடுகிறது, நீ மட்டும் துடைப்பத்தைத் தூக்குகிறாய்!

சர்க்கார் ஆபீசில் எனக்குக் கொடுத்த காகிதத்தில் "ஒரு தோட்டத் தொழிலாளி" என்றுதான் இருந்தது. பெயரைச் சேர்த்தது நான். இது எங்கள் தொழில் ரகசியம். வெறும் தொழிலாளி என்றால் ஜனம் கொட்டாவி விடும். பெயரும் உறவும் சொன்னால் நிமிர்ந்து உட்காரும். கோலா சுங்கை பாருவில் சொன்னேன், ஆரவாரம். போன இடமெல்லாம் சொல்கிறேன். இன்றைக்கு மலாக்கா முழுக்க மாமாவைத் தெரியாத தமிழன் இல்லை.

படம் என்றால் ஒட்டும் வெட்டும்தான் அக்கா. கதாநாயகி இங்கே அழுவாள், கண்ணீர் வேறோர் ஊரில் விழும். யார் போய்க் கேட்கிறார்கள்? மைக்கில் கக்கூஸ் என்று நான் சொன்னால் என் வேலையே கக்கூஸில் போய்விடும்.

பயப்படாதே. நாலு நாளில் ஜனம் மறந்துவிடும். மாமாவுக்கு வணக்கம். மருமகள் ஜெயாவுக்கு முத்தங்கள்.

அன்புத் தம்பி,
தனபாலன்


புளியமரத்துத் தோட்டம்.
21.4.1952

தனபாலனுக்கு,

கடிதத்திலும் வசனம் பேசாதே. உன் வசனத்தால் நாங்கள் படுவது போதும்.

நாலு நாளில் மறப்பார்கள் என்றாய். கேள். லயத்துப் பிள்ளைகளுக்கு இப்போது ஒரே விளையாட்டுத்தான். ஒருவன் பெரியதம்பி, மற்றவர்கள் பட்டாளம். பெரியதம்பி கை நீட்ட வேண்டும், மற்றவர்கள் 'டுமீல்' என்று ஓட வேண்டும். அவர் தெருவில் வந்தால் எல்லாப் பிள்ளைகளும் வரிசையாக நின்று கையை நீட்டுகிறார்கள். அவர் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நடக்கிறார். உப்பு எங்கே என்று கேட்டால்கூட வாயால்தான் சொல்கிறார். கள்ளுக்கடையில் இவர் உட்கார்ந்தால் அந்தப் பெஞ்சு காலியாகிவிடுகிறது. இவர் பால் வெட்டும் மரத்தில், பால் வடியும் மங்குக்குள் யாரோ கோழிக்காலின் விரல் ஒன்றை நறுக்கிப் போட்டிருந்தார்கள். அன்றைக்கு அவர் பால் எடுக்காமலே வந்துவிட்டார்.

எனக்கு ஆத்திரம் வருவது எதற்குத் தெரியுமா? தினமும் அந்தக் கக்கூஸுக்குப் போகிற முனியாயியைப் பிடித்து நிறுத்திக் கேட்டேன்.

"ஏண்டி, அவரு கை காட்டுன பக்கம் என்ன இருக்கு?"

"காடுதான்."

"அந்தப் பக்கம் எங்கடி காடு இருக்கு? காலையில கூட நீ போயிட்டு வந்தியே!"

"நான்தான் கண்ணால பார்த்தேனேக்கா, படத்துல இருந்துச்சுலா!"

சொந்தக் கால் நடந்த வழியை நம்பாமல் உன் துணியை நம்புகிறார்கள். திருவிழா நாடகத்தில் வில்லன் வேஷம் கட்டின சாமிநாதனுக்கு இந்தத் தோட்டத்தில் ஒருவனும் பெண் கொடுக்கவில்லை என்பது உனக்குத் தெரியும். தெரிந்துதானே உன் மாமாவின் பெயரைச் சொன்னாய்?

என்னோடு பால் வெட்டும் காளியம்மா ஒருத்திதான் இன்னும் எங்கள் வீட்டுப் படி ஏறுகிறாள். "கக்கூஸைக் கக்கூஸுன்னு சொல்ல எனக்கென்னா பயம்?" என்று குழாயடியில் எல்லாருக்கும் கேட்கச் சத்தம் போட்டாள். உன்னைவிட அவளுக்கு நெஞ்சு பெரிது.

இன்னொன்று. ஜெயா பெரியவளாகிவிட்டாள். பச்சை ஓலையில் குடிசை கட்ட வேண்டியவன் தாய்மாமன். உனக்குச் சொல்லி அனுப்பவில்லை, வேண்டுமென்றேதான். காளியம்மாவின் புருஷன் வீராசாமி தாய்மாமன் இடத்தில் நின்று ஓலை வெட்டிக் கட்டினான். சடங்குக்கு அவர்கள் இரண்டு பேர்தான் வந்தார்கள். ஆக்கின சோறு அப்படியே கிடந்தது.

பெத்தம்மாள்


மலாக்கா.
30.4.1952

அக்காவுக்கு,

என் மருமகளுக்கு வீராசாமி குடிசை கட்டினானா? செத்துப்போனேன் என்று முடிவு செய்துவிட்டாயா? என்னை நாலு அறை அறைந்திருக்கலாம். இதைச் செய்திருக்கக் கூடாது.

எல்லாப் பழியும் என் தலையில்தானா? நானும் கேட்கிறேன், பதில் சொல். ஐந்து வயதில் என்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு மலாக்காவுக்குப் படம் பார்க்கப் போனது யார்? திரும்பி வந்ததும் லயத்துப் பெண்களை உட்கார வைத்து, "பேசுடா, அந்த ராஜா மாதிரியே பேசுடா" என்று என்னைப் பேச விட்டு மடி நிறையக் கடலை கொடுத்தது யார்? படத்தில் ஒரு தாய் செத்தாள் என்று அன்றைக்கு அடுப்பு மூட்டாமல் படுத்தவள் நீ. அப்போது அது ஒட்டும் வெட்டும் என்று உனக்குத் தெரியாதா? எனக்கு இந்த வாயை வளர்த்துவிட்டவளே நீதான். இப்போது வாயை மூடு என்கிறாய்.

நான் சும்மா இருந்துவிடவும் இல்லை. செர்காமில் மாமா துணியில் வந்தபோது மனம் கேட்காமல், "இவர் காட்டியது கக்கூஸைத்தான்" என்று மைக்கில் சொல்லியே விட்டேன். என்ன நடந்தது தெரியுமா? "கொள்ளைக்காரன் கக்கூஸுலயா ஒளிஞ்சிருக்கான்!" என்று ஒரு கிழவர் கத்தினார். ஒரே சிரிப்பு. எங்கள் ஆபீசர் என் தோளைத் தட்டி, நல்ல ஜோக், எல்லா இடத்திலும் சொல் என்றார். துணியில் காடு தெரியும்போது வாய் எதைச் சொன்னாலும் ஜனம் கேட்காது. அதற்கு நான் என்ன செய்ய?

கோலாலம்பூரில் ஒரு தமிழ்ப் படம் எடுக்கப் போகிறார்கள். நடிக்க ஆள் தேடுகிறார்கள், என் பெயரும் போயிருக்கிறது. இந்த நேரத்தில் உன் கண்ணீரைக் கொண்டுவந்து என் காலில் கட்டாதே.

தனபாலன்


புளியமரத்துத் தோட்டம்.
19.5.1952

தம்பிக்கு,

நீ கேட்டதெல்லாம் சரிதான். கடலை கொடுத்தது நான்தான். சண்டையை ஒரு பக்கம் வைத்துவிட்டு எழுதுகிறேன், கோபப்படாமல் படி.

துரை உன் படத்தைப் பார்த்துவிட்டாராம். இவரை ஆபீசுக்குக் கூப்பிட்டு முதுகைத் தட்டினாராம். "நீதான் அந்த ஆளா?" என்று கேட்டதற்கு இவர் கக்கூஸ் கதையைச் சொல்லியிருக்கிறார். கணக்கெழுதும் கிராணி அதை எப்படி மொழிபெயர்த்தாரோ, துரை சிரித்து, அடக்கமான மனிதன் என்றாராம். வருகிற மாதம் முதல் இவருக்குப் பால் வெட்டு இல்லை. முள்கம்பி கேட்டில் போலீஸோடு நிற்க வேண்டும். காட்டுக்காரர்களுக்குச் சோறு போகாமல் இருக்க, வேலைக்குப் போகிறவர்களை ஒவ்வொருவராகச் சோதிக்கிறார்களே, அங்கே. ஜனங்களைத் தெரிந்தவன் என்பதால் சந்தேகப்பட்டவர்களை இவர்தான் காட்ட வேண்டுமாம்.

இவர் மாட்டேன் என்று சொல்வார் என நினைத்தேன். சொல்லவில்லை. "மரத்துல தனியா நிக்கிறதுக்கு கேட்டுல நிக்கலாம், அங்கே போலீஸ்காரன் கையில துவக்கு இருக்கு" என்கிறார். அந்தப் பயம் எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு தடவை அந்தக் கேட்டில் நின்றுவிட்டால், படத்தில் பார்த்தது மெய்தான் என்று ஆகிவிடும். அப்புறம் நான் எந்தக் குழாயடியில் போய் என்ன சொல்லி வாதாடுவேன்?

நீ இங்கிலீஷ் தெரிந்தவன். துரைக்கு நாலு வரி எழுது. பெயரைச் சேர்த்தது நீ, அவர் யாரையும் காட்டவில்லை, இந்த வேலை வேண்டாம் என்று எழுது. மாதம் பிறப்பதற்குள் வந்தால் போதும். உன் காலில் விழுந்து கேட்கிறேன் என்று வைத்துக்கொள்.

அக்கா,
பெத்தம்மாள்


கோலாலம்பூர்.
29.5.1952

அன்புள்ள அக்கா,

வாழ்த்து அக்கா! என்னைத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். காட்டிலிருந்து திருந்தி வரும் ஒரு வாலிபன் வேஷம். இரண்டு இடத்தில் அழ வேண்டும். ஒரே தடவையில் அழுதேன், மொத்தப் பேரும் கை தட்டினார்கள்.

மாமாவுக்குக் கேட்டில் வேலை என்றால் நல்லதுதானே அக்கா. நிழலில் நிற்கலாம், மழையில் நனைய வேண்டாம். துரைக்கு இப்போது எழுதினால், எங்கள் ஆபீசுக்குத் தெரிந்து, நான் சொன்னது பொய் என்றாகிவிடும். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டாமல் போகும். படம் முடியட்டும், கட்டாயம் எழுதுகிறேன். இது சத்தியம்.

ஜெயாவுக்குத் தாய்மாமன் சீராக ஒரு பட்டுப்புடவை அனுப்பியிருக்கிறேன். அரக்கு நிறம். கட்டிக்கொண்டு ஒரு போட்டோ எடுத்து அனுப்பச் சொல்.

தம்பி,
தனபாலன்


புளியமரத்துத் தோட்டம்,
லூபோக் சீனா.
12.6.1952

திரு. தனபாலன் அவர்களுக்கு,

புடவை வந்தது. பிரிக்காமல் இந்தக் கடிதத்தோடு திருப்பி அனுப்புகிறேன்.

நேற்றுக் காலை கேட்டில் என் முறைக்காக நானும் வரிசையில் நின்றேன். இவர் போலீஸ் சார்ஜன்டின் பக்கத்தில் நின்றார். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து இவர் யாரையும் காட்டவில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டு சும்மா நின்றுவிட்டு வருவார். நேற்று சார்ஜன்ட் பொறுமை இழந்துவிட்டான். "நீதானே படத்துல காட்டின ஆளு? இங்கே ஏன் காட்ட மாட்டேங்கிறே? ஒன்னு காட்டு, இல்லே நீயும் அவங்க ஆளுதான்" என்று எல்லாருக்கும் முன்னால் கத்தினான். வரிசையில் நின்றவர்கள் அத்தனை பேரும் இவரையே பார்த்தார்கள்.

எனக்கு நாலு பேர் முன்னால் காளியம்மா நின்றாள். அவள் வாயும் வயிறுமாக இருக்கிறாள். வெட்டு முடியும்வரை பசி தாங்காது என்று, தலைத்துண்டுக்குள் இலையில் ஒரு பிடி சோறு மடித்து வைத்துக்கொள்வாள். அது எனக்குத் தெரியும். நான் வீட்டில் பேச்சுவாக்கில் சொன்னதால் இவருக்கும் தெரியும்.

இவர் கையை நீட்டினார். படத்தில் நீட்டினாரே, அதே மாதிரிதான். தோள் மட்டத்துக்குக் கை, விரல் நேராக. தலையைக்கூட அதே பக்கம் சாய்த்தார்.

சோற்றைத் தரையில் கொட்டி, அவளை ஜீப்பில் ஏற்றினார்கள். ஏறும்போது அவள் இவரைத் திட்டவில்லை. என்னைப் பார்த்து, "பெத்தம்மா, கக்கூஸுன்னு நான்தானே சொன்னேன்" என்றாள். எங்கே வைத்திருக்கிறார்கள் என்று இதுவரை தெரியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் ஏன் காட்டினீர்கள் என்று கேட்டேன். "எல்லாரும் பாத்துக்கிட்டே நின்னாங்க பெத்தம்மா. கை தன்னால எழும்பிருச்சு" என்றார்.

ஆகவே நீ இனி துரைக்கு எழுத வேண்டாம். மைக்கில் எதையும் மாற்றிச் சொல்லவும் வேண்டாம். பெயரோடு, உறவோடு, எந்தத் தோட்டத்தில் வேண்டுமானாலும் காட்டு. மாசியில் அது பொய். இப்போது பொய் இல்லை. நாங்கள் அதை மெய்யாக்கிக் கொடுத்துவிட்டோம்.

சாயங்காலம் வீராசாமி எங்கள் வாசலுக்கு எதிரே வந்து நின்றான். உன் இடத்தில் நின்று என் மகளுக்கு ஓலைக் குடிசை கட்டினவன். கையில் அரிவாள் இருக்குமோ என்று பார்த்தேன், இல்லை. தன் இரண்டு பிள்ளைகளையும் கூட்டி வந்திருந்தான். கையை நீட்டி எங்கள் வீட்டை அவர்களுக்குக் காட்டிவிட்டுப் போய்விட்டான்.

இந்த வாசலுக்கு நீ வராதே.

இப்படிக்கு,
பெரியதம்பி மனைவி பெத்தம்மாள்