தணலான் கடித்த கை

காஞ்சன்பாக், ஹைதராபாத்
ஞாயிற்றுக்கிழமை காலை

என் தங்கம் பத்மஜாவுக்கு உன் கிட்டு மாமா ஆசீர்வாதம் செய்து எழுதுவது. இங்கே நானும் கல்பகம் மாமியும் முழங்கால் நீங்கலாக மற்ற எல்லாப் பாகங்களிலும் சௌக்கியம், அங்கே ஸ்வீடனில் நீயும் மாப்பிள்ளையும் குட்டியும் காதை மூடிக் குல்லாய் போட்டுக்கொண்டு சௌக்கியமாக இருக்க வேண்டும். ஒன்பது நாளாக நீ போனை எடுக்கவில்லை, அதனால்தான் காகிதம். உனக்குத் தமிழ் எழுத்து மெதுவாகத்தான் ஓடும், காலண்டர் தாளின் பின்பக்கத்தில் கற்றுக்கொடுத்தவன் நான்தானே எனக்குத் தெரியாதா, பரவாயில்லை, எழுத்துக் கூட்டியாவது கடைசி வரை படி. நீ பழைய தடுப்பூசி அட்டையைக் கேட்டாய், மாமி பிஸ்கட் டப்பாவில் இருந்த அத்தனை காகிதத்தையும் போட்டோ பிடித்து அனுப்பிவிட்டாள், அதோடு என் ஆஸ்பத்திரிச் சீட்டும் போய்விட்டது. இடது கையில் தீக்காயம், இடம் வீடு, மண்ணெண்ணெய் ஸ்டவ், குழந்தை துணியில் பிடித்த நெருப்பை அணைத்தது, தேதி உன் நாலாவது பிறந்தநாளுக்கு மறுநாள். "அப்போ ஃபாக்டரில தணலான் கடிச்சதுன்னு சொன்னது பொய்யா மாமா, என்னாலதானா" என்று ஒரு வரி அனுப்பினாய், அப்புறம் சத்தமே இல்லை.

முதலில் தணலானைப் பொய் என்று சொன்னதற்கு நான் ஆட்சேபம் தெரிவித்துக்கொள்கிறேன். ஃபாக்டரியில் முப்பத்தைந்து வருஷம் உலை முன்னால் நின்றவன் நான், பத்தாவது ஃபெயில்தான், ஆனால் ஜெர்மனியிலிருந்து வந்த இன்ஜினியர் மெஷினை நம்பாமல் என் முகத்தைப் பார்த்துத்தான் சூடு எவ்வளவு என்று எழுதிக்கொள்வான். தணலான் நெருப்புக்குள்ளேயே குடியிருக்கிற ஓணான் ஜாதி, நீளம் ஒரு முருங்கைக்காய். எழுநூறு டிகிரியில் மாதுளை முத்து நிறம், ஆயிரத்தில் பங்கனபள்ளி மாம்பழ நிறம், அதற்கு மேலே போனால் உடம்பே தெரியாது, கடுகு மாதிரி ரெண்டு கண் மட்டும் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கும். வருஷாந்தர ரிப்பேருக்கு உலையை அணைக்கும்போது நெருப்புச் செங்கல் இடுக்கில் காராபூந்தி அளவில் முட்டை வைக்கும். தண்ணீர் பட்டால் சாகாது, ஜலதோஷம் பிடிக்கும், பொறி பறக்கிறது என்கிறோமே, அது தும்மல். பட்டான்செரு பக்கத்துத் தணலான்கள் கெமிக்கல் வாசனையில் சோகை பிடித்து நீலம் பாரித்திருக்கும், போலாரத்தில் மிலிட்டரி மெஸ் தந்தூரி அடுப்பில் இருப்பவை நன்றாகக் கொழுத்து, ஆபீஸர் வந்தால் வாலைத் தூக்கி சல்யூட் அடிக்கும். சார்மினார் பக்கம் இரானி டீக்கடை அடுப்பில் இருப்பது டீ ஆவியைக் குடித்துக் குடித்துத் தூக்கமே இல்லாதது, கடைக்காரரிடம் கேட்டேன், "ஹவ் மாமூ, ஹவ்", ஆமாம் ஆமாம் என்று அவரே தலையாட்டினார். இத்தனை சாட்சி இருக்கிறது. உன் கிளாஸ் டீச்சர் பொய் சொல்கிறாய் என்று உன்னை பெஞ்சில் ஏற்றியபோது யூனிஃபார்மோடு வந்து ஒட்டிப்போன ரெண்டு விரலையும் மேஜை மேல் வைத்துக் காட்டினேனே, அந்த அம்மாள் அதற்கப்புறம் வாயைத் திறந்தாளா?

நீ வருத்தப்படுவது எதற்கு என்று மாமி ஊகித்துச் சொன்னாள், என் வாலிபால் போய்விட்டதே என்று. அடி அசடே, ஃபாக்டரி டீமில் என் இடது கை அடியைத் தடுக்க ஹைதராபாத், செகந்திராபாத் ரெண்டு ஊரிலும் ஆள் இல்லை, ஜெயித்து ஜெயித்து எனக்கே அலுத்துவிட்டது, நான் நிறுத்தியதும் எதிர் டீம்காரர்கள் ஸ்வீட் கொடுத்தார்கள். மாமி நேற்று கரண்டியும் கையுமாக வந்து நின்று, "எல்லாத்தையும் ஊதி ஊதிப் பெரிசாக்குவேளே, குழந்தையை நெருப்புலேர்ந்து எடுத்ததை மட்டும் முப்பது வருஷம் வாயே திறக்காம எப்படி இருந்தேள், அவ்வளவு அடக்கமா உங்களுக்கு" என்று கேட்டாள். அடக்கம் இல்லை பத்மூ. நான் எழுந்து காகிதம் வாங்கக் கடைக்குப் போய்விட்டேன். பதிலை உனக்குத்தான் முதலில் சொல்ல வேண்டும்.

பிறந்தநாள் அன்று சாயங்காலம் நம்ம ஸ்டவ்விலும் தணலான் இருக்கா என்று கேட்டாய். இருக்கு, குட்டியூண்டு, மேரி பிஸ்கட் நீட்டினால் வெளியே வந்து வாங்கிக்கொள்ளும் என்றேன். மறுநாள் காலை மாமி கொல்லையில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள், நான் ஷேவ் செய்துகொண்டிருந்தேன், நீ முக்காலியைப் போட்டு ஏறி பிஸ்கட்டை நீட்டினாய். ஸ்டவ் சாய்ந்தது. புதுப் பாவாடையின் ஓரம் பிடித்துக்கொண்டது, நான் கையால் பிசைந்து அணைத்தேன். இதில் நான் ஒரு சொல் கூட்டவில்லை. உன் மேல் ஒரு கொப்புளம் இல்லை, டாக்டர் ரெண்டு தடவை தேடிப் பார்த்தார். உனக்கு நாலு வயசு, மாமா சொன்னான், நம்பினாய். நெருப்பு என்ன செய்யும் என்று தினமும் எட்டு மணி நேரம் பார்க்கிறவன் நான், கிட்டே போகக் கூடாது என்ற ஒரு வரியைச் சொல்லாமல் விட்டேன், சொன்னால் கதை நன்றாக இருக்காது என்று. ஆஸ்பத்திரியில் என் கைக்கட்டைப் பார்த்து, யார் கடிச்சா என்று கேட்டாய், ஃபாக்டரித் தணலான் என்றேன். ஸ்டவ் என்று சொன்னால் என்றைக்காவது உனக்கு அந்த பிஸ்கட் ஞாபகம் வந்துவிடுமே என்று பயம். உனக்கு ரெண்டு வயசில் உன் அம்மா, என் அக்கா, உன்னை என் மடியில் வைத்துவிட்டுக் கண்ணை மூடினாள், அவள் முகத்தில் எப்படி முழிப்பேன் என்று பயம். ஆகவே, என்னாலதானா என்று நீ கேட்டதற்குப் பதில், இல்லை, என்னால்தான்.

குட்டிக்கு வருகிற மாசம் நாலு வயசு. இதற்காக அவளிடம் தணலானை மறைத்துவிடாதே, அது பாவம், ஒன்றும் செய்யவில்லை. ஆனால் நிறத்தையும் தும்மலையும் சொல்வதற்கு முன்னால், நான் விட்ட வரியை முதல் வரியாகச் சொல்லிவிடு. தணலானுக்குக் கூச்சம் ஜாஸ்தி, கையில் கொடுப்பதைத் தின்னாது, கிட்டே போனால் மறைந்துவிடும், தூரத்தில் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறவர்கள் கண்ணுக்குத்தான் தெரியும். இது சத்தியம்.

நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் நூறு வயசு நன்றாக இருங்கள். மாமி அனுப்பிய நார்த்தங்காயை ஃபிரிட்ஜில் வைக்காதே. ஃபேன் காற்றில் காகிதம் பறக்கிறது, இடது கைதான் அழுத்திப் பிடித்துக்கொண்டிருக்கிறது, ரெண்டு விரல் ஒட்டியிருப்பதால் பிடி நன்றாகவே இருக்கிறது. இது கிடைத்த அன்றே போன் செய், திட்டுவதாக இருந்தாலும் செய். போனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

உன் மாமா
கிட்டு