ஒரு சொம்பு கசிவுநீர்

கெங்கம்மாளுக்கு, சின்னசாமி எழுதுவது. நான் சுகம். நீயும் குழந்தையும் சுகம்தானே?

நேற்று புது அணையின் மண்கரையில் தண்ணீர் கசிந்தது. பயப்படாதே. அணைக்குக் கீழே இருக்கும் கீழூரைக் காலி செய்யத் தண்டோரா போடப் போனார்கள். நான் கசிவுநீரை ஒரு சொம்பில் பிடித்து எஞ்சினியரிடம் நீட்டினேன்.

"சேறு இல்லீங்க, தெளிவா கீது. கரை அரிக்கல."

மூன்று அணை கட்டியவர், வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துச் சிரித்துவிட்டார்.

"சரிதான்! யார் சொல்லிக் கொடுத்தது?"

"என் சம்சாரங்க. அம்பத்தூர் ஏரி கசிஞ்சா அது இப்டித்தான் புடிச்சுப் பாக்கும்."

உன் பேரைக் கேட்டு, தமிழிலேயே தன் நோட்டில் எழுதிக்கொண்டார். தண்டோராவும் நின்றது.

கொஞ்சம் வடகம் அனுப்பு. இங்கே குழம்பில் நம் வீட்டு வாசனையே இல்லை. தபால்காரர் அவசரப்படுத்துகிறார். இந்தத் தாளின் முதல் வார்த்தை உன் பேர்தான், உனக்குப் படிக்கத் தெரியாவிட்டாலும் தொட்டுப் பார். எஞ்சினியர் நோட்டிலும் அப்படியேதான் இருக்கிறது.