நான் திருத்திய உன் பாட்டு

உன் பாட்டின் பழைய பதிவு ஏதாவது மிஞ்சியிருக்கிறதா என்று போன வாரம் பரணைக் கிளறினேன். கிடைத்தது அந்தக் கம்பளிதான். விமானச் சத்தம் மைக்கில் விழக்கூடாது என்று என் பொழிச்சலூர் வீட்டு ஜன்னலில் நாம் ஆணி அடித்து மாட்டியது. ஒரு பயனும் இல்லை. விமானம் போகும்வரை காத்திருப்போம். அதற்குள் நீ ஒரு பஜ்ஜியை முடித்துவிடுவாய். கம்பளியில் இன்னும் உன் தைல வாசனை இருக்கிறது.

சர்ச் பாடகர் குழுவில் கீபோர்டு வாசித்த எனக்கு, பெண்கள் வரிசையில் நின்று நீ பாடியது முதலில் எரிச்சலாகத்தான் இருந்தது. எல்லோரும் அடுத்த வரிக்குப் போன பிறகும் நீ முந்தைய வரியின் கடைசிச் சொல்லில் இருப்பாய். கொயர் மாஸ்டர் முறைப்பார். கேளம்பாக்கம் காபிக் கடையில் நியோ-சோல் என்கிற அந்த அமெரிக்க பாணியில் பாடத் தொடங்கினாயே, அப்போதுதான் புரிந்தது. வேண்டுமென்றே தாளத்தை முன்னால் போகவிட்டு, பின்னால் சாவகாசமாக வருகிறாய். "பீட் எங்கடா ஓடிடப் போவுது மச்சான்? நான் மெதுவா வரேன்" என்பாய்.

தெரிந்தும் அதைச் செய்தேன். உன் முதல் பாட்டை வெளியிட வந்த கம்பெனிக்காரர், "வாய்ஸ் சூப்பர், டைமிங்தான் லேட்டா கீது" என்றார். நீ ஆபீஸ் போயிருந்தாய். கேட்டால் மறுப்பாய், அதனால்தான் கேட்கவில்லை. ஒரு பகல் முழுக்கக் கணினி முன் உட்கார்ந்து, ஒவ்வொரு சொல்லாக இழுத்துத் தாளத்தின்மேல் வைத்தேன். பெரிய மேதாவி மாதிரி பழைய பதிவின் மேலேயே சேமித்தேன்; நீ பாடிய அசல் அதோடு அழிந்தது.

பம்மல் ஷேர் ஆட்டோவில் கேட்டுவிட்டு போன் செய்தாய். "நல்லா இருக்குடா. யாரு பாடுனது?" நான் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை.

பாட்டு பிய்த்துக்கொண்டு ஓடியது. அதுதான் வினை. எல்லா மேடையிலும் பதிவில் இருப்பது மாதிரியே கேட்டார்கள். நீயும் காதில் தாளம் காட்டும் டிக் டிக் சத்தத்தை மாட்டிக்கொண்டு, சரியாகப் பாடினாய். மூன்றாம் வருடம், "ஆபீஸ்ல லீவு தரமாட்டேங்கறாங்கடா" என்று நிறுத்திக்கொண்டாய். அது பொய் என்று நம் இருவருக்கும் தெரியும். மன்னிப்புக் கேட்க அதன்பிறகு எனக்கு நாலு வருடம் இருந்தது. நாளைக்கு, நாளைக்கு என்றே ஓட்டினேன். காய்ச்சல் என்று படுத்தவள் பத்து நாளில் போய்விட்டாய்.

முதல் வருட நினைவு ஜெபத்தில் உன் பாட்டைப் போட வேண்டும் என்று உன் அக்கா கேட்டார். நடந்ததை அவரிடம் சொல்லிவிட்டேன்.

"அவ பாடுன மாதிரி வேற ஒண்ணும் இல்லையா தம்பி?"

"தேடிட்டேன்க்கா. இல்ல."

நேற்று ஜெபத்தில் அதையேதான் போட்டார்கள். உன் மகளுக்கு இப்போது எட்டு வயது. கண்ணை மூடிக்கொண்டு கூடவே பாடினாள். ஒரு சொல்கூடப் பிந்தவில்லை. அம்மா இப்படித்தான் பாடினாள் என்று நினைத்திருக்கிறாள். நீ பாடிய விதம் இனி என் காதில் மட்டும்தான் இருக்கிறது. எனக்கோ பாட வராது.