முகத்துக்கு லைட் அடிக்காத மனிசன்

ஐஸ்லாந்து மண்ணுக்குள்ள போய்ப் படுத்திட்ட என்ர ஹெல்கி அண்ணைக்கு,

உங்கட பழைய அசிஸ்டன்ற் போன் எடுத்துத்தான் நீங்கள் செத்துப்போனதைச் சொன்னா. நான் லண்டனில செவன் கிங்ஸ் ஸ்ரேசனில நிண்டனான். "ஓ, அப்பிடியே" எண்டிட்டு வந்த ரெயினில ஏறி வேலைக்குப் போயிட்டன். வேற என்ன செய்யிறது?

பிறகு ஒரு பேப்பரில உங்களைப் பற்றி நாலு வரி போட்டிருந்தாங்கள். ஐஸ்லாந்துக் கமராமானாம், இருட்டான படங்களுக்குப் பேர் போனவராம். எனக்கு விசர் வந்தது. இருட்டோ? உங்கட லைட்டுக்கு முன்னால கதிரை போட்டு இருந்தவன் நான். என்னை ஒருத்தரும் கேக்கேல்லயே!

உங்கட ஊர் ரீவிச் செய்திக்குக் கமரா தூக்கித் தொடங்கினியள். லண்டனுக்குப் படிக்க வந்தியள், சவர்க்கார விளம்பரம் எடுத்து வாடகை கட்டினியள், ஒரு மாதிரிச் சினிமாவுக்குள்ள புகுந்தியள். நான் உங்கட முதல் படப்பிடிப்புக்குச் சாப்பாட்டு வான் ஓட்டி வந்தனான். கதாநாயகன்ர நிறமும் என்ர நிறமும் ஒண்டு. அவர் வரமுதல் லைட் சரிபாக்க ஒரு ஆள் வேணுமெண்டு என்னைப் பிடிச்சு இருத்தினியள். அதுக்குப் பிறகு உங்கட எல்லாப் படத்துக்கும் நான்தான் இருந்தனான்.

மற்றவையள் லைட்டை நேர முகத்துக்குப் பிடிப்பினம். நீங்கள் அதைத் திருப்பிப் பக்கத்துச் சுவருக்கு அடிப்பியள். சுவரில பட்டு வாற வெளிச்சம் மெதுவா ஒரு பக்கக் கன்னத்தில வந்து விழும். "எங்கட ஊரில சூரியன் உச்சிக்கு வாறேல்ல குகன், பக்கத்தில நிண்டுதான் பாக்கும்" எண்டு சொன்னியள். உங்கட எந்தப் படத்தைப் பாத்தாலும் வெளிச்சம் பக்கத்தாலதான் வரும்.

மேக்கப் பிள்ளை பவுடரோட ஓடி வந்தா, முகம் மினுங்குதாம். "மினுங்கட்டும், அதைத்தான் நான் எடுக்கிறன்" எண்டு மறிச்சியள். கறுத்த தோலுக்கு வெளிச்சத்தை அள்ளிக் கொட்டினாச் சாம்பல் பூசின மாதிரித்தான் வரும் எண்டியள்.

கடைசிப் படத்தில தயாரிப்பாளர் வந்து நிண்டார். கதாநாயகன்ர முகம் தெரியேல்ல, முன்னால இன்னொரு லைட் போடு, இல்லாட்டி வேற ஆளைப் பாப்பம் எண்டார். நீங்கள் போடேல்ல. அடுத்த கிழமை வேற ஆள் வந்திட்டான். அதுக்குப் பிறகு லண்டனில உங்களுக்கு ஒழுங்கா வேலை கிடைக்கேல்ல, ஊருக்கே போயிட்டியள். ஒரு லைட்தானே அண்ணை, போட்டிருக்கலாமே? பிடிவாதம் பிடிச்ச மனிசன்!

இதை ஏன் இப்ப எழுதுறன் தெரியுமே? நாளைக்கு என்ர மகள் தாரணிக்குக் கலியாணம். ஓம், நீங்கள் எங்கட வீட்டில புட்டும் மீன்குழம்பும் சாப்பிடேக்க கதவுக்குப் பின்னால நிண்டு எட்டிப் பாத்த அதே பிள்ளை.

அவளும் என்ர நிறம்தான். "பிள்ளை கொஞ்சம் நிறம் குறைவு" எண்டு முந்தி வந்த சம்பந்தங்கள் தட்டிப்போனது. இந்தப் பெடியன் அப்பிடி ஒண்டும் சொல்லேல்ல, நல்ல பெடியன். ஆனாலும் அவள் வீடியோக்காரனிட்ட, "என்னைக் கொஞ்சம் வெள்ளையாக்கி விடுங்கோ" எண்டு சொல்லிப்போட்டாள். ஏனம்மா எண்டு கேட்டன். "உங்களை ஒருத்தரும் நிறம் பாத்து வேண்டாமெண்டு சொல்லேல்ல அப்பா" எண்டாள். எனக்குச் சரியா நொந்தது.

இண்டைக்குப் பின்னேரம் இஞ்ச லண்டனில, எட்மண்டன் ஹோலில மணவறை சோடிச்சினம். வீடியோக்காரன் லைட் பாக்க ஒரு ஆளைத் தேடினான். நான் போய் மணவறையில இருந்தன். நேர முகத்துக்கு அடிச்சான், கண் கூசிச்சுது.

"தம்பி, அதைத் திருப்பி அந்தப் பக்கத்துச் சுவருக்கு அடியுங்கோ."

"அங்கிள், முகம் கறுத்துப் போயிடும்."

"கறுத்த முகம்தானே, இனி எங்க போய்க் கறுக்கிறது?"

சிரிச்சுக்கொண்டு திருப்பினான். பூக்காரரோட நிண்ட தாரணி வந்து கமராவின்ர சின்னத் திரையில என்ர முகத்தைப் பாத்தாள். என்னைப் பாத்தாள், திரும்பவும் திரையைப் பாத்தாள்.

"எழும்புங்கோ அப்பா. நான் இருந்து பாக்கிறன்."

எழும்பினன். அவள் இருந்தாள். வீடியோக்காரன் திரையை அவளின்ர பக்கம் திருப்பிக் காட்டினான். "அக்கா, பிறகு கம்பியூட்டரில வெள்ளையாக்கிறதுதானே?" எண்டு கேட்டான்.

"இல்லை. இப்பிடியே விடுங்கோ."

அண்ணை, நாளைக்கு மாமிமார் வெளிச்சம் போதாதெண்டு கத்துவினம். கத்தட்டும். நான் தாரை வார்க்கிற நேரம் மச்சானை லைட்டுக்குக் காவல் விடுவன், மற்ற நேரமெல்லாம் நானே பாத்துக்கொள்ளுவன். அந்த லைட்டில ஒருத்தரையும் கை வைக்க விடமாட்டன். இது சத்தியம்.

உங்களோட கூடப் பிறக்காத தம்பி,
குகன்