கிடங்குப் பக்கம் சாய்ந்த புகை

என் பிரியமுள்ள ஏழுமலைக்கு, முதலில் சிநேகிதத்துக்காக மச்சான் என்று நான் கூப்பிட்டு, பிறகு என் தங்கையைக் கட்டி நிஜமாகவே மச்சானாகிப் போனவனுக்கு,

நீ இருக்கும் இடத்தில் எப்படி இருக்கிறாய் என்று கேட்க எனக்கு வழி தெரியவில்லை. இங்கே நடப்பதைச் சொல்கிறேன். தங்கை வசந்தாவுக்கு முட்டி வலி, ஆனால் வாய் வலிக்கவில்லை. உன் பெண் சுமதி வேலப்பன்சாவடிப் பக்கம் இன்ஜினியரிங் காலேஜில் மெக்கானிக்கல் படிக்கிறாள். ஆவடியிலிருந்து இரண்டு பஸ் மாறிப் போகிறாள். வகுப்பில் பெண் பிள்ளைகளை விரல்விட்டு எண்ணிவிடலாமாம். நீ பார்த்திருந்தால் கரையான்சாவடியில் உன் பஞ்சர் கடைக்கு வருகிறவன் போகிறவனிடமெல்லாம் சொல்லியிருப்பாய்.

நான் இன்னும் இன்ஸ்பெக்‌ஷனில்தான் இருக்கிறேன், கம்பெனிதான் வேறு. அடுத்தவன் லேத்தில் கடைந்து கொடுத்த சாமானைச் சந்தேகப்படுவதற்கு எனக்குச் சம்பளம். அந்தப் புத்தி வீட்டுக்கு வந்தாலும் போவதில்லை. பால்காரரைச் சந்தேகப்படுகிறேன், பஸ் கண்டக்டரைச் சந்தேகப்படுகிறேன், ரேஷன் கடைத் தராசைக் கேட்கவே வேண்டாம். உன்னை மட்டும் சந்தேகப்பட்டதில்லை. ஆனால் உன்னிடம் ஒரு கேள்வி இருந்தது. நீ படுக்கையில் கிடந்தபோது கேட்க நா எழவில்லை. செய்யாததை ஏன்டா ஒத்துக்கொண்டாய்?

நடந்ததை உனக்கே சொல்வது பைத்தியக்காரத்தனம்தான். ஆனாலும் வரிசையாகச் சொல்லிப் பார்க்கிறேன். எங்கே இடிக்கிறதென்று நீயும் பார்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் நாம் இரண்டு பேரும் வேலை செய்த பட்டறை. மெஷின் துடைத்த எண்ணெய்ப் பஞ்சையெல்லாம் யார்டு நடுவில் இருந்த குழியில் போட்டுக் கொளுத்துவது உன் பொறுப்பு. அதற்கு நீ வைத்திருந்த வழக்கம் பட்டறை முழுக்கத் தெரியும். வெயில் காலத்தில் மதியச் சாப்பாடு முடிந்ததும் கொளுத்துவாய். அப்போது மேற்கத்திக் காற்று அடிக்கும். புகை கிழக்கே காம்பவுண்டுச் சுவரைத் தாண்டிப் பொட்டலுக்குப் போய்விடும், யாருக்கும் தொந்தரவில்லை. பொழுது சாய ஆரம்பித்தால் கடல் காற்று வரும், புகை பாக்கிங் கிடங்கு இருக்கிற பக்கம் திரும்பிவிடும். அதனால் காற்று மாறுகிற வாசனை வந்ததுமே மணலைக் கொட்டி அணைத்துவிடுவாய். ஒரு நாளாவது தவறியிருக்கிறாயா?

அந்த நாள் கிடங்கு எரிந்தது. மரப்பெட்டியும் வைக்கோலும், கேட்க வேண்டுமா? நான் உள்ளே இன்ஸ்பெக்‌ஷன் ரூமில் இருந்தேன். சத்தம் கேட்டு ஓடி வந்தபோது கூரை சரிந்துகொண்டிருந்தது.

பிறகு விசாரணை என்று வைத்தார்கள். மேனேஜர் ஒரு போட்டோவை எடுத்து மேஜையில் போட்டார். முதலாளியின் மச்சினன் ஆபீஸ் மொட்டை மாடியிலிருந்து எடுத்தது. நடுவில் குழி. இடது ஓரத்தில், தூரத்தில், கூரையைப் பிய்த்துக்கொண்டு எரிகிற கிடங்கு. வலது பக்கம் சுவரும் பொட்டலும். குழிப் பக்கத்தில் சின்னதாக நீ, கையில் மணல் சட்டி. "பாத்துக்கோங்க, குழிலேர்ந்து கெளம்புற புகை எந்தப் பக்கம் சாயுது? கிடங்குப் பக்கம். தீப்பொறி எப்படிப் போச்சுன்னு இதுக்கு மேல யார் சாட்சி சொல்லணும்?" என்றார் மேனேஜர். நான் குறுக்கே பேசப்போனேன். நீ என் கையைப் பிடித்து அமுக்கிவிட்டு, "என் கவனக்குறைவுதான் சார்" என்றாய். அத்தோடு வேலை போயிற்று, பஞ்சர் கடை வைத்தாய். டீக்கடையில் உனக்கு 'நெருப்பு' ஏழுமலை என்று பெயர் வைத்தார்கள். ஒன்றாம் வகுப்பில் சுமதியை நெருப்புப் பொண்ணு என்று பிள்ளைகள் கூப்பிட்டன.

எனக்கு அன்றிலிருந்தே ஒன்று குடைந்துகொண்டிருந்தது. அந்தப் பட்டறைக்குள் கேமரா வருவது ஆயுத பூஜைக்கு மட்டும்தான். சாதாரண வேலை நாளில், மச்சினன்காரன், ஃபிலிம் போட்ட கேமராவோடு, மொட்டை மாடியில் என்ன செய்துகொண்டிருந்தான்? காக்காய்க்குச் சோறு வைத்தானா? நான் இதைக் கேட்கும்போதெல்லாம் நீ "விடு தணி, போனது போகட்டும்" என்பாய். நீ விடச் சொன்ன விதமே எனக்குச் சந்தேகமாகத்தான் இருந்தது.

இப்போது போன வாரம் உன் வீட்டில் நடந்ததைக் கேள்.

சுமதி காலேஜ் லேபில் பார்த்த ஒரு சமாசாரத்தைச் சொல்லிக்கொண்டிருந்தாள். கண்ணாடிக் குழாயில் தண்ணீர் ஓடவிட்டு, நடுவில் ஊசி முனை வழியாகக் கத்திரிப்பூ நிறச் சாயத்தைக் கசியவிடுவார்களாம். தண்ணீருக்குள் சாயம் நூல் மாதிரி நீளுமாம். அந்த நூலுக்கு ஸ்ட்ரீக்லைன் என்று பெயர். நானாக அதைக் கீற்றுக்கோடு என்று வைத்துக்கொண்டேன். "ஊதுபத்திப் புகையும் அதுதான் மாமா. சிம்னிப் புகையும் அதுதான்" என்றாள்.

"புகை போற வழிதானே? அதுக்கு ஒரு பேரு, அதுக்கு ஒரு ஃபீஸு" என்றேன்.

"போற வழி இல்ல மாமா. எல்லாரும் அங்கதான் தப்புப் பண்றாங்க. ஒரே ஒரு துளி எந்த வழியா போச்சோ, அந்தக் கோடு வேற, அதுக்குப் பேரு பாத்லைன். ஒரே எடத்துலேர்ந்து முன்னப்பின்ன கெளம்பின துளியெல்லாம் இந்த நிமிஷம் எங்கெங்க நிக்குதோ, அதையெல்லாம் சேத்தா வர்றது ஸ்ட்ரீக்லைன். காத்து மாறாம ஒரே பக்கம் அடிச்சா ரெண்டும் ஒண்ணாத்தான் இருக்கும், வித்தியாசமே தெரியாது. காத்து மாறினாத்தான் ரெண்டும் பிரியும்."

எனக்கு விளங்கவில்லை. விளங்காததை நான் நம்புவதில்லை, உனக்குத் தெரியும். அவள் ஆவடியில் ராணுவ கேம்ப் பரேட் பார்த்து வளர்ந்த பெண்ணல்லவா, அதை வைத்தே சொன்னாள். ஜவான்கள் கேட்டிலிருந்து ஒருத்தர் பின்னால் ஒருத்தராக வெளியே வந்து கிழக்கே நடக்கிறார்கள். திடீரென்று ஒரு ஆர்டர். எல்லாரும் நின்ற இடத்திலேயே திரும்பி வடக்கே நடக்கிறார்கள். அதற்கப்புறம் கேட்டை விட்டு வருகிறவர்களும் நேராக வடக்கே போகிறார்கள். "மேலேர்ந்து பாத்தா வரிசை மடங்கி நிக்கும். கேட்டுலேர்ந்து வடக்க கொஞ்ச தூரம், அப்புறம் கிழக்க நீளமா. ஆனா அந்த மாதிரி மடங்கி எவனாவது ஒருத்தன் நடந்திருப்பானா? மடங்குன எடத்துல நிக்கிறவன் யாரு? ஆர்டர் போட்டப்ப கேட்டுல இருந்தவன்."

மச்சான், எனக்கு மேனேஜர் மேஜையில் போட்ட படம் ஞாபகம் வந்தது. எழுந்து போய் உன் டிரங்குப் பெட்டியைத் திறந்து, விசாரணையில் உனக்குக் கொடுத்த அந்தப் போட்டோ பிரதியை எடுத்து வந்தேன். "இத்தப் பாரு" என்றேன்.

அவள் படத்தைக் கண்ணருகே பிடித்து, புகையைக் குழியிலிருந்து கடைசி வரை பார்த்துக்கொண்டே போனாள். புகை குழியிலிருந்து கிடங்கை நோக்கிக் கிளம்புவது உண்மைதான். ஆனால் கொஞ்ச தூரம்தான். பிறகு சட்டென்று மடங்கி, வலது பக்கம் சுவர் வரைக்கும் நீளமாகத் தவழ்ந்து போகிறது. இத்தனை வருஷமாக அந்த மடிப்பை நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். புகை எங்கேயோ வளைகிறது, வளையட்டும் என்று விட்டிருந்தேன்.

"மாமா, இந்தப் படம் எடுக்கிறதுக்குக் கொஞ்சம் முன்னாடிதான் காத்து மாறியிருக்கு. மாறினப்புறம் கெளம்பின புகை இவ்ளோதான் போயிருக்கு, கிடங்குக்குப் பாதித் தூரம்கூட எட்டல. அதுக்குள்ள கிடங்குக் கூரையே எரிஞ்சு வெளிய வந்துடுச்சு. அப்பா கொளுத்தினது அதை எப்படித் தொட்டிருக்கும்?"

நான் இன்ஸ்பெக்‌ஷன்காரன். என் பக்கத்துக்குச் சாதகமாக வருகிற அளவைத்தான் முதலில் சந்தேகப்படுவேன். "தீப்பொறி புகைய விட வேகமாப் போயிருந்தா?" என்று கேட்டேன். பொறியைத் தூக்கிப் போவதும் அதே காற்றுதான் என்றாள். "மேல ஒரு காத்து, கீழ ஒரு காத்து அடிச்சிருந்தா?" என்றேன். எண்ணெய்ப் புகை எழும்பவே இல்லை, சுவர் உயரத்துக்குக் கீழேயே கிடக்கிறது, இரண்டு காற்றுக்கு இங்கே இடமே இல்லை என்று விரலை வைத்துக் காட்டினாள். அப்போதும் நான் விடவில்லை. ஊதுபத்தியையும் டேபிள் ஃபேனையும் கொண்டுவரச் சொன்னேன்.

முதல் தடவை புகை கலைந்து கண்ணுக்குள் போனது. ஃபேனைக் கதவோரம் தள்ளி, மெதுவாகச் சுற்றவிட்டு, நடுவில் சட்டென்று வேறு பக்கம் மாற்றி வைத்தோம். அடியில் ஒரு பக்கம், நுனியில் இன்னொரு பக்கமாகப் புகை மடங்கி நின்றது, அச்சு அசல் அந்தப் படம்தான். மறுபடி செய்யச் சொன்னேன். மறுபடியும் அப்படியே நின்றது. சமையல்கட்டிலிருந்து வந்த வசந்தா, "இன்னாண்ணே, மாமனும் மருமவளும் ஊட்டக் கொளுத்தப் போறீங்களா?" என்றாள். சொல்லி முடித்ததும் மேஜையில் போட்டோ கிடப்பதைப் பார்த்துவிட்டாள். முகம் செத்துப்போயிற்று.

சுமதி ஒவ்வொன்றாகச் சொன்னாள். வசந்தா சந்தோஷப்படுவாள், அழுவாள் என்று நான் எதிர்பார்த்தேன். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அங்கேதான், மச்சான், உலகத்தையே சந்தேகப்பட்ட எனக்கு என் கூடப்பிறந்தவள் மேல் முதல்முறையாகச் சந்தேகம் வந்தது.

"உனுக்கு முன்னமே தெரியுமா?" என்றேன்.

"தெரியும்."

"எப்பலேர்ந்து?"

"அன்னிக்கே. மணல் போட்டுக்கினு கீறப்பவே கிடங்கு எரிஞ்சிகினு இருந்திச்சின்னு ஊட்டுக்கு வந்து சொன்னாரு. மொதலாளி பொழுது போயி ஊட்டாண்ட வந்தான்ணே. கவனக்குறைவுன்னு ஒத்துக்கினா வேல மட்டுந்தான் போவும், இல்லேன்னா வேணும்னே கொளுத்துனதா போலீசுல கேசு, படம் எங்க கையில கீதுன்னான். இவுரு முடியாதுன்னாரு. நாந்தான் ஒத்துக்கச் சொன்னேன். இவ பள்ளிக்கூடம் போவ ஆரம்பிச்ச நேரம். இவுரு ஜெயிலுக்குப் போனா நான் இன்னா பண்ணுவேன்?"

சுமதி எழுந்து நின்றுவிட்டாள். "நெருப்புப் பொண்ணுன்னு சொல்றாங்கன்னு நான் அழுதுகிட்டு வந்தப்ப, அப்பா செய்யலன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமேம்மா?" என்றாள். எனக்கும் கோபம்தான். பட்டறைக்காரன் ஏமாற்றினான் சரி, நீங்கள் இரண்டு பேரும் சேர்ந்து என்னை ஏமாற்றினீர்களே! "எங்கிட்ட ஏன்டி சொல்லல?" என்று கத்தினேன்.

"சொன்னா நீ சும்மா இருப்பியா? நேரா அவன் ஊட்டாண்ட போயி நின்னுகினு சண்ட போடுவ. உன்னியும் சேத்து கேசுல இழுத்துடுவானுங்கன்னு அவுருதான் வாணாம்னாரு." அப்புறம்தான் அழுதாள். "ஊரே நம்பிடிச்சிண்ணே. அவரே ஒத்துக்கினப்புறமும் நீ ஒருத்தன்தான் நம்பல. கேமரா எப்டி வந்திச்சி, கேமரா எப்டி வந்திச்சின்னு வருசக்கணக்கா கேட்டுகினே கெடந்த. அப்பல்லாம் உன்னிய அடக்கிட்டு, நீ கெளம்பிப் போனப்புறம் எங்கிட்ட சொல்வாரு, 'தணி இன்னும் நம்பல வசந்தா'ன்னு. அன்னிக்கு மட்டும் ரெண்டு வாய் கூட சோறு துண்ணுவாரு."

அடப்பாவி. என்னிடம் விடு விடு என்றவன், உள்ளுக்குள் நான் விட்டுவிடக் கூடாது என்று பார்த்துக்கொண்டிருந்தாயா?

வீட்டில் நாலு நாள் பேச்சு வார்த்தை இல்லை. நேற்று சுமதி காலேஜுக்குக் கிளம்பும்போது, "அம்மா, டிபன் பாக்ஸ்" என்று கை நீட்டினாள். வசந்தா கொடுத்தாள். இப்போதைக்கு அவ்வளவுதான்.

அந்த முதலாளி இன்னும் உயிரோடு இருக்கிறார். கிடங்கை யார், எதற்காகக் கொளுத்தினார்கள் என்று எனக்குத் தெரியாது. புகை அதைச் சொல்லவில்லை, அதனால் நானும் சொல்ல மாட்டேன். நீ கொளுத்தவில்லை என்பதைச் சொல்வேன். டீக்கடையில் சொல்வேன், உன் பஞ்சர் கடை இருந்த தெருவில் சொல்வேன், நம்பாதவன் வீட்டுக்கு ஊதுபத்தியோடு போவேன். முதலாளி வாசலிலும் போய் நிற்பேன், அந்தக் கேமரா எப்படி வந்தது என்று கேட்பேன். இந்த முறை என் கையைப் பிடித்து அமுக்க நீ இல்லை. நீ இருந்தாலும் விடமாட்டேன், மச்சான்.

இன்னும் நம்பாத உன் மச்சான்,
தணிகாசலம்